ஹெராயினை வியட்நாமிலேயே விட்டு வந்தவர்கள்

1971 ஜூன் முதல், வியட்நாமிலிருந்து ஊர் திரும்பும் அமெரிக்கச் சிப்பாய்களுக்குப் புது நிபந்தனை ஒன்று வந்தது. விமானம் ஏறும் முன் சிறுநீர்ச் சோதனை. ஹெராயின் தெரிந்தால் பயணம் தள்ளிப்போகும். போதை உடலைவிட்டு இறங்கும்வரை அங்கேயே சிகிச்சை. இத்தனை போதை அடிமைகள் ஒரே நேரத்தில் வந்து இறங்கினால் நாடு என்ன ஆகும் என்று வாஷிங்டனில் கிலி.

கிலிக்குக் காரணம் இருந்தது. அங்கே கிடைத்த ஹெராயின் மலிவு, கலப்படமும் குறைவு. ஊசி தேவையில்லை. சிகரெட்டிலிருந்து கொஞ்சம் புகையிலையை உதிர்த்துவிட்டு, அந்த இடத்தில் பொடியை அடைத்துப் பற்றவைத்தால் போதும்; கஞ்சாவைப்போல வாசனை காட்டிக்கொடுக்காது.

செயின்ட் லூயிஸ் நகர ஆய்வாளர் லீ ராபின்ஸ், அந்தச் செப்டம்பரில் திரும்பியவர்களில் சுமார் 900 பேரை மறு ஆண்டு தேடிப்பிடித்து விசாரித்தார். சிப்பாய்களில் ஐந்தில் ஒருவர் அங்கே அடிமையாக இருந்தது தெரிந்தது. ஆனால் அவர்களில் ஊர் வந்த முதல் ஆண்டில் மறுபடி அடிமையானவர்கள் 5 சதவீதம்தான். மூன்று ஆண்டுக் கணக்கிலும் 12 சதவீதம். ஏறக்குறையப் பாதிப்பேர் ஊரில் ஒருமுறையாவது அதைத் தொட்டுப் பார்த்தவர்கள் என்பதுதான் வேடிக்கை. பலர் நம்ப மறுத்தார்கள்.

இதற்கு ஒரு விளக்கம், அவர்கள் இடம் மாறியது. இடத்துக்கும் போதைக்கும் உள்ள உறவை 1982இல் கனடாவின் உளவியலாளர் ஷெப்பர்ட் சீகல் எலிகளிடம் காட்டினார். ஹெராயினுக்குப் பழகிய எலிகளுக்கு, வழக்கமான அறையில் பெரிய டோஸ் கொடுத்தபோது 32 சதவீதம் செத்தன. அதே டோஸை வேறு அறையில் கொடுத்தபோது 64 சதவீதம். பழகிய அறையைக் கண்டதுமே உடல் மருந்தை எதிர்கொள்ளத் தயாராகிவிடுகிறது. அப்படித் தயாரான உடலுக்கு மருந்து வராவிட்டால், அதுவே தாங்க முடியாத ஏக்கமாகிறது. சிப்பாய்க்கு அந்த முகாம், அந்தக் கூட்டாளிகள், அந்த அலுப்பு எல்லாம் கடலுக்கு அப்பால். நியூயார்க்கில் சிகிச்சை முடிந்து வெளியே வருபவனுக்கோ அதே தெருமுனை.

சிப்பாய்கள் மீண்டதை மனவுறுதியின் வெற்றியாகச் சொல்வதில் எனக்கு உடன்பாடில்லை. அன்றைய அமெரிக்காவில் சரக்கு விலை அதிகம், தரம் மட்டம், ஊசி குத்த வேண்டும், போலீஸ் பயம் வேறு.

இடம் மாறியதால் எல்லாம் தீர்ந்துவிடவும் இல்லை. போர்முனையின் அச்சத்தைத் தட்டியெழுப்ப முகாம் தேவையில்லை. அமெரிக்கச் சுதந்திர தினமான ஜூலை 4இன் பட்டாசே போதும். அந்தத் துயரத்துக்கு அமெரிக்க மனநல மருத்துவம் தன் நோய்ப்பட்டியலில் இடம் கொடுத்தது 1980இல்தான். அந்தப் பத்தாண்டின் பிற்பகுதியில் நடந்த தேசிய ஆய்வில், வியட்நாமில் பணியாற்றிய ஆண்களில் சுமார் 15 சதவீதம் பேருக்கு அது அப்போதும் இருந்தது.