ரயிலுக்கு முன்னால் ஒரு ஆள்!

'மண் சரிவு... ஊட்டி மலை ரயில் ரத்து!' ஐப்பசி, கார்த்திகை வந்தால் பேப்பரில் கட்டாயம் வரும் இரண்டு வரி. படித்ததும் நமக்கு டிக்கெட் பணம்தான் ஞாபகம் வரும். அந்த மண்ணை அள்ளுகிறவர் ஞாபகம் யாருக்கு வருகிறது?

'உயிரே' படத்தில் (1998) பெட்டி மேல் ஏறி ஆடினார்களே, அதே ரயில். கல்லாறு தாண்டியதும் 12 அடி போனால் ஒரு அடி ஏற்றம். இஞ்சின் இழுக்காது, பின்னாலிருந்து தள்ளும்! முன் பெட்டியில் கொடியோடு நிற்கும் பிரேக்ஸ்மேன்தான் டிரைவருக்குக் கண்.

அவருக்கும் முன்னால், மழையிலும் பனியிலும் தண்டவாளத்தை நடந்தே பார்த்துவிட்டு வருகிறார் டிராக்மேன். போன நவம்பரில் ஹில்குரோவில் இஞ்சினுக்குத் தண்ணீர் பிடிக்கிற நேரத்தில் ஒருவரைப் பிடித்தேன். பிளாஸ்டிக் கோட்டு, தோளில் கடப்பாரை.

"பாறை விழுந்தா ஜேசிபி வராதாங்க?"

சிரித்தார். "ரோடு இருந்தாத்தானுங்க வரும்? பாதி இடத்துக்கு நாங்கதானுங்க ஜேசிபி."

பாறை பெரிசாக இருந்தால் துளை போட்டு வேட்டு வைப்பார்களாம். அப்புறம் சம்மட்டி. உடைந்ததைப் பள்ளத்தில் உருட்டி விடுவது. இத்தோடு வேலை முடிந்தது என்று நினைத்தேன். இல்லை. தண்டவாளங்களுக்கு நடுவே பல் பல்லாக இரட்டை இரும்புப் பட்டை ஓடுகிறது. இஞ்சினின் பல்சக்கரம் அதைக் கவ்வித்தான் மலை ஏறுகிறது. சேறு அதில்தான் போய் அடையும்.

"ஒரு ஜல்லி மாட்டுனாலும் ஆபத்துங்க. குனிஞ்சு குனிஞ்சு நோண்டி எடுக்கோணும். இடுப்பு போயிரும்."

ஆபீஸில் ஏ.சி. காற்று ஒத்துக்கொள்ளவில்லை என்று லீவு போடுகிறவர்கள் கவனிக்க!

2009 நவம்பர் மழையில் நீலகிரியில் 40 பேருக்கு மேல் இறந்தார்கள். இந்தப் பாதையும் பல இடங்களில் சிதைந்து, மாதக்கணக்கில் ரயில் ஓடவில்லை. அதையும் சரிக்கட்டி ஓட விட்டார்கள்.

"பயமா இருக்காதா?"

"யானைக்குக்கூட ஒதுங்கிக்கலாமுங்க. மேல மண்ணு இறங்குற சத்தம் கேட்டா, எந்தப் பக்கம் ஓடறதுன்னு தெரியாது."

இஞ்சின் விசில் அடித்தது. நான் தாவி ஏறிக்கொண்டேன். அவர் இறக்கத்தைப் பார்த்து நடக்க ஆரம்பித்தார்.

"இப்ப எங்கே?"

"சாயந்தரம் இறங்குற வண்டி இருக்குதுங்களே!"

மழை மறுபடி பிடித்துக்கொண்டது.