மிசோ பூசிய கத்தரிக்காய், சுடச்சுட!

சமையல் பக்கத்துக்குப் படம் எடுக்கும் நாள். காலை பத்து மணிக்கே அடுக்களைக்குள் நுழைந்துவிட்டேன். நுழைந்ததும் மூக்கைத் துளைத்தது நல்லெண்ணெய் வாசம்! "ஜப்பான் சமையல்னு சொன்னீங்களே அக்கா?" என்றேன். "அவங்க எள்ளை நல்லா வறுத்து எண்ணெய் எடுப்பாங்க. நாம கருப்பட்டி போட்டு செக்குல ஆட்டுறோம். இது மிசோவோட எப்படிச் சேருதுன்னு பாருங்க" என்றார் சமையல்கலைஞர். அதற்குப் பிறகு என் கால் தரையில் பாவவே இல்லை.

செய்யப்போவது நாசு டெங்காகு. நாசு என்றால் கத்தரிக்காய். டெங்காகு, நடவுக் காலத்து ஆட்டம். குச்சியில் குத்திச் சுட்ட டோஃபு, பொய்க்காலில் ஏறி நின்ற அந்த ஆட்டக்காரரைப் போல இருந்ததாம். அதனால் அந்தப் பெயர் டோஃபுவுக்கு வந்து, பிறகு மிசோ பூசிச் சுடும் கத்தரிக்காய்க்கும் வந்தது. எவ்வளவு அழகான பெயர்!

கியோட்டோவில் காமோ நாசு என்ற குண்டுக் கத்தரிக்காயில் செய்வார்கள். அக்கா எடுத்தது நம் சந்தையின் நீள ஊதா. காம்போடு நெடுகப் பிளந்து, வெட்டிய பக்கத்தில் குறுக்கும் நெடுக்குமாகக் கட்டம் கட்டமாகக் கீறினார். உதவிக்கு நின்ற பையனிடம் கத்தியைக் கொடுத்து, "தோலைத் தொடாம கீறணும் தம்பி. தோல்தான் கிண்ணம்" என்றார். "சரிக்கா" என்று மூச்சைப் பிடித்துக்கொண்டு கீறினான். கீறல் விரியவிரிய, எண்ணெயைத் தொட்டுத் தொட்டுத் தடவினார். பஞ்சு மாதிரி உறிஞ்சியது! கத்தரிக்காய்ச் சதைக்குள் காற்றறைகள் நிறைய. வெந்தால்தான் அவை அமுங்கி வெண்ணெயாகும். 200 டிகிரி ஓவனில், வெட்டிய பக்கம் கீழே இருக்க, 25 நிமிடம்.

அந்த இடைவெளியில்தான் மிசோ. சோயாவை வேகவைத்து, கோஜி என்ற பூஞ்சை வளர்த்த அரிசியும் உப்பும் சேர்த்து மாதக்கணக்கில் புளிக்கவைத்த விழுது அது. அக்கா எடுத்தது வெளிறிய, இனிப்புச் சாயல் கொண்ட வெள்ளை மிசோ. மூன்று மேசைக்கரண்டி மிசோவுக்கு ஒன்றரைக் கரண்டி வெல்லத்தூள், கொஞ்சம் இஞ்சிச் சாறு, இரண்டு கரண்டி தண்ணீர். வழக்கமாகச் சேர்க்கும் மிரின் அரிசி மதுவுக்குப் பதில்தான் இந்த வெல்லம். சிறுதீயில் கிளறக் கிளற, விழுது தளர்ந்து, மறுபடி இறுகி, தேன் போலப் பளபளத்தது. விரல் நுனியில் தொட்டு நக்கினேன். முதலில் வெல்லம், பிறகு உப்பு, கடைசியில் நாக்கை விட்டுப் போகாத ஒரு ஆழம்!

ஒரு எச்சரிக்கையை அக்கா மூன்று முறை சொன்னார். மிசோ வாங்கும்போது டப்பாவின் பின்பக்கத்தைப் படியுங்கள். தாஷி சேர்த்தது என்றிருந்தால் பெரும்பாலும் அதில் மீன் இருக்கும். சைவர்கள் அதைத் தொட வேண்டாம்.

காத்திருந்தபோது ஒரு ஜப்பானியப் பழமொழியும் கிடைத்தது. இலையுதிர்காலக் கத்தரிக்காயை மருமகளுக்குக் கொடுக்காதே என்பார்களாம்! அவ்வளவு ருசி, அதனால் மாமியாருக்கு மனசு வரவில்லை என்பது ஒரு விளக்கம். அது உடம்புக்குக் குளிர்ச்சி, மருமகளுக்கு ஆகாது என்ற கரிசனம் என்பது இன்னொன்று. எனக்கு முதல் விளக்கம்தான் பிடித்திருக்கிறது.

ஓவன் திறந்தது. திருப்பிப் போட்டால் கட்டங்கள் பொன்னிறத்தில் சிரித்தன. கரண்டி வைத்தால் உள்ளே இறங்கியது. இப்போதுதான் மிசோவைப் பூச வேண்டும். முன்கூட்டியே பூசினால் வெல்லம் கருகிக் கசந்துவிடும். மேல் தீயில் மூன்றே நிமிடம். அந்த மூன்று நிமிடமும் யாரும் பேசவில்லை. எல்லார் கண்ணும் ஓவன் கண்ணாடியில். ஓரங்களில் சின்னச் சின்னக் குமிழ் கிளம்பி, வெடித்து, செம்பழுப்பானது. "எடு, எடு!" வறுத்த எள் தூவியதும் கேமரா படபடவென்று அடித்தது. பளபளப்பு சில நிமிடம்தான் நிற்கும்.

நீங்கள் பார்க்கப்போகும் படத்தில் மினுமினுப்புக்காக வேறெதுவும் தடவவில்லை. படம் முடிந்ததும் அந்தத் தட்டையே நடுவில் வைத்து உட்கார்ந்தோம். சூடான பச்சரிசிச் சாதம், பக்கத்தில் எலுமிச்சைத் துண்டு. சதையைக் கரண்டியால் வழித்துச் சாதத்தோடு பிசைந்தேன். வெள்ளை மிசோ கிடைத்தால் விடாதீர்கள். இந்த ஞாயிற்றுக்கிழமையே செய்து, ஆறுவதற்குள் சாப்பிட்டுவிடுங்கள்.