தேர்வுப் பிழைகளுக்கான சட்டத் தீர்வுகள் (இந்தியா)

தேர்வுப் பிழை என்பது தேர்வை நடத்துவதிலோ, விடைத்தாளை மதிப்பிடுவதிலோ, முடிவை வெளியிடுவதிலோ நேரும் தவறு ஆகும். கூட்டல் பிழை, திருத்தப்படாமல் விடுபட்ட விடை, தவறான விடைக்குறிப்பு, பிழையான வினா ஆகியன இதில் அடங்கும். இந்தியாவில் இதற்குத் தீர்வு காண நிர்வாக வழி, தகவல் உரிமை வழி, நீதிமன்ற வழி ஆகிய மூன்றும் உள்ளன. மதிப்பெண் குறைந்துவிட்டது என்ற மனக்குறையையும் ஆதாரத்துடன் சுட்டக்கூடிய பிழையையும் சட்டம் வெவ்வேறாகவே பார்க்கிறது.

நிர்வாக வழி

மாணவர் முதலில் நாட வேண்டியவை மறுகூட்டலும் மறுமதிப்பீடும் ஆகும். இவை அந்தந்தப் பல்கலைக்கழக விதிகளுக்கும் கால வரம்புக்கும் உட்பட்டவை. விதி இடமளிக்காதபோது மறுமதிப்பீட்டை உரிமையாகக் கோர இயலாது என உச்ச நீதிமன்றம் 1984 இல் தீர்ப்பளித்தது.

பல்கலைக்கழக மானியக் குழுவின் 2023 ஆம் ஆண்டு ஒழுங்குமுறைகளின்படி, மாணவர் குறைதீர் குழுவிடம் முறையிட்டு, பின்னர் குறைதீர்ப்பாளரிடம் மேல்முறையீடு செய்யலாம். ஆயினும், முடிவைப் பாதித்த குறிப்பிட்ட முறைகேட்டையோ பாகுபாட்டையோ சுட்டிக்காட்டாத மறுமதிப்பீட்டுக் கோரிக்கையைக் குறைதீர்ப்பாளர் ஏற்பதில்லை.

விடைத்தாளைப் பெறும் உரிமை

பிழையைச் சுட்டுவதற்கு விடைத்தாளைக் காண்பது இன்றியமையாதது. தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2005 இன் கீழ், மதிப்பிடப்பட்ட விடைத்தாள் ஒரு தகவலே என்றும், தேர்வு எழுதியவர் அதைப் பார்வையிடவும் படி பெறவும் உரிமையுடையவர் என்றும் உச்ச நீதிமன்றம் 2011 இல் தீர்ப்பளித்தது. திருத்தியவரின் பெயர் வெளியிடப்படுவதில்லை. விடைத்தாள் பாதுகாக்கப்படும் காலம் வரையே இவ்வுரிமை நீடிக்கும் என்பதால் விரைந்து விண்ணப்பிக்க வேண்டும். பொதுத் தகவல் அலுவலர் 30 நாட்களுக்குள் பதிலளிக்க வேண்டும். தவறினால் மேல்முறையீடு செய்யலாம்.

நுகர்வோர் மன்றம்

தேர்வு நடத்தும் வாரியம் சேவை வழங்குநர் அல்ல, தேர்வு எழுதுபவர் நுகர்வோரும் அல்ல என்று உச்ச நீதிமன்றம் 2009 இல் கூறியது. ஆகவே தேர்வுப் பிழைக்காக நுகர்வோர் மன்றத்தை நாடுவது பயன் தராது.

நீதிமன்ற வழி

அரசியலமைப்பின் 226 ஆம் உறுப்பின் கீழ் உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை மனு தாக்கல் செய்யலாம். விடைக்குறிப்பு சரியானது என்றே நீதிமன்றம் முதலில் கருதும். அது தவறு எனத் தெளிவாக மெய்ப்பிக்கப்பட்டால், சரியான விடை எழுதிய மாணவரைத் தண்டிக்கலாகாது என்பது 1983 ஆம் ஆண்டுத் தீர்ப்பு. நீதிபதிகள் தாமே விடைத்தாளைத் திருத்தக்கூடாது என்றும், ஐயம் எழுந்தால் அதன் பயன் தேர்வு அமைப்புக்கே சேரும் என்றும் 2017 ஆம் ஆண்டுத் தீர்ப்பு வரையறுத்தது.

எடுத்துக்காட்டுகள்

2018 ஆம் ஆண்டு நீட் தேர்வின் தமிழ் வினாத்தாளில் இருந்த மொழிபெயர்ப்புப் பிழைகளுக்காக, 49 வினாக்களுக்கு 196 மதிப்பெண்களைத் தமிழில் எழுதியோர் அனைவருக்கும் வழங்குமாறு சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை உத்தரவிட்டது. உச்ச நீதிமன்றம் அதே ஆண்டு நவம்பரில் இவ்வுத்தரவை நீக்கியது. மாறாக, 2024 ஆம் ஆண்டு நீட் தேர்வில் ஒரே ஓர் இயற்பியல் வினாவுக்கு இரு விடைகள் ஏற்கப்பட்டதை ஆராயுமாறு தில்லி இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தை உச்ச நீதிமன்றம் பணித்தது. வல்லுநர் கருத்தின்படி ஒரு விடை மட்டுமே ஏற்கப்பட்டு, முடிவுகள் திருத்தி வெளியிடப்பட்டன.