ஏழு வாக்குகள்: மில்வோல் வட்டாரத்தின் கதை

பேரரசுகளின் வரலாற்றை எழுதியோர் பலர்; பெருநகரங்களின் வரலாற்றை எழுதியோரும் பலர். ஆயின், நகரசபைத் தேர்தலுக்காக வகுக்கப்பட்ட ஒரு வட்டாரத்தின் வரலாற்றை எழுதப் புகுவோர் மிகச் சிலரே. வட்டாரம் என்பது எல்லைக் கோடுகளால் ஆன ஒரு கூறு. கோட்டை மாற்றினால் அதுவும் மாறும். கோட்டை அழித்தால் அதுவும் அழியும். அத்தகைய ஒன்றுக்கு வரலாறு ஏது என்று கேட்கத் தோன்றும். இலண்டன் மாநகரின் கிழக்குப் புறத்தே, டவர் ஹம்லெட்ஸ் பரோவில் அமைந்திருந்து, 2014ஆம் ஆண்டில் தேர்தற் படத்திலிருந்து மறைந்துபோன மில்வோல் வட்டாரத்தின் கதையை அறிந்தோர் அவ்வாறு கேளார்.

இலண்டன் நகரம் பல பரோக்களாகப் பிரிக்கப்பட்டது என்பதும், ஒவ்வொரு பரோவுக்கும் தனித்தனியே ஒரு சபை உண்டு என்பதும், அச்சபைக்கு அங்கத்தவர்களைத் தெரிவு செய்யும் பொருட்டுப் பரோ வட்டாரங்களாக வகுக்கப்படும் என்பதும் வாசகர்கள் அறிந்தவையே. நாம் சொல்லப்போகும் நாட்களில் டவர் ஹம்லெட்ஸ் சபையில் 50 ஆசனங்கள் இருந்தன. அவற்றுள் மூன்று மில்வோலுக்கு உரியவை.

நதி சூழ்ந்த நிலம்

தேம்ஸ் நதி கிழக்கு நோக்கிப் பாய்ந்து வருகையில், ஓரிடத்திலே தெற்கே வளைந்து, மீண்டும் வடக்கே திரும்புகின்றது. அவ்வளைவினுள் அகப்பட்ட சதுப்பு நிலமே ‘ஐல் ஒவ் டோக்ஸ்’, அதாவது ‘நாய்களின் தீவு’ என்று பெயர் பெற்றது. அப்பெயர் எவ்வாறு வந்தது என்பது பற்றிப் பல கதைகள் உண்டு. அதன் மேற்குக் கரையில் வெள்ளத்தைத் தடுக்க எழுப்பப்பட்ட அணையின் மேல் காற்றாலைகள் வரிசையாகச் சுழன்றுகொண்டிருந்தன. ஆலைகள் நின்ற அணை ஆதலின் அப்பகுதி மில்வோல் எனப்பட்டது.

1802ஆம் ஆண்டில் தீவின் வடபுறத்தே மேற்கிந்தியத் துறை திறக்கப்பட்டது. சர்க்கரையும் றம் மதுவும் நிறைந்த கப்பல்கள் அங்கு வந்து சேர்ந்தன. 1868இல் மில்வோல் துறையும் திறக்கப்பட்டது. இதற்கிடையே கப்பல் கட்டுந் தொழிலும் இக்கரையில் ஓங்கி வளர்ந்தது. புறூனெல் என்னும் புகழ்பெற்ற பொறியியலாளர் திட்டமிட்ட ‘கிறேற் ஈஸ்ரேன்’ என்ற இரும்புக் கப்பல் மில்வோலிலேயே கட்டப்பட்டது. அக்காலத்து உலகில் அதனினும் பெரிய கப்பல் வேறொன்றும் இருக்கவில்லை. 1857 நவம்பரில் அதனை நீரில் இறக்க முயன்றபோது அது அசைய மறுத்தது. மூன்று மாதப் போராட்டத்தின் பின்னர், 1858 ஜனவரி 31ஆம் நாளன்றே மிதந்தது. பின்னர் 1866இல் அத்திலாந்திக் கடலடியிலே தந்திக் கம்பி இட்ட கப்பலும் அதுவே. 1885இல் மில்வோலிலிருந்த மோட்டன் தொழிற்சாலையின் வேலையாட்கள் தொடங்கிய உதைபந்தாட்டக் கழகம் இன்றும் மில்வோல் என்ற பெயரைத் தாங்கி நிற்கின்றது. அக்கழகம் 1910இலேயே நதியைக் கடந்து தென்கரைக்குச் சென்றுவிட்டது என்பது வேறு விடயம்.

சிறை சென்ற சபையினர்

1900ஆம் ஆண்டு முதல் தீவு முழுவதும் பொப்லார் பரோவின் ஆட்சிக்கு உட்பட்டிருந்தது. பொப்லார் ஏழைகள் நிறைந்த பகுதி. ஆயினும், ஏழைகளுக்கு உதவும் செலவை அந்தந்தப் பரோ தானே வரி விதித்துத் திரட்டவேண்டும் என்பது அன்றைய விதி. செல்வர் வாழும் பரோவில் ஏழைகள் சிலரே. ஆகையால் அங்கு வரியும் குறைவு. ஏழைகள் வாழும் பரோவிலோ வறியவர்களே வறியவர்களைத் தாங்கவேண்டிய நிலை. இந்த அநீதியை எதிர்த்து, ஜோர்ஜ் லான்ஸ்பரி தலைமையில் பொப்லார் சபையினர் 1921இல் இலண்டன் மாவட்ட சபை முதலிய மேல் அமைப்புகளுக்குச் செலுத்தவேண்டிய வரியைத் திரட்ட மறுத்தனர். அதற்காக முப்பது அங்கத்தவர்கள் சிறையில் அடைக்கப்பட்டனர். அவர்களுள் ஐவர் பெண்கள். ஆறு வாரங்களின் பின் அவர்கள் விடுதலையடைந்தனர். ஏழைகளுக்கான செலவை இலண்டன் முழுவதும் பகிர்ந்துகொள்ளும் வகையில் சட்டமும் திருத்தப்பட்டது.

நகரசபை என்பது வீதி விளக்கையும் குப்பை வண்டியையும் கவனிக்கும் அமைப்பு மட்டுமன்று, நீதி கேட்கும் மன்றமுமாகும் என்ற எண்ணம் அப்பகுதி மக்களின் உள்ளத்தில் வேரூன்றியதற்கு இந்நிகழ்ச்சி ஒரு காரணம் எனலாம்.

1965இல் பொப்லார், ஸ்ரெப்னி, பெத்னல் கிறீன் ஆகிய மூன்றும் இணைக்கப்பட்டு டவர் ஹம்லெட்ஸ் என்ற புதிய பரோ தோன்றியது. தீவு மக்களுக்கோ சபை இன்னுந் தூரத்தே போய்விட்டது போன்ற உணர்வு. பேருந்து வசதி போதாது, பள்ளிக்கூட வசதி போதாது என்று அவர்கள் முறையிட்டனர். கேட்பார் இல்லாத நிலையில், 1970 மார்ச் 1ஆம் நாளன்று, டெட் ஜோன்ஸ் என்பவர் தலைமையில் தீவுக்குச் செல்லும் வீதிகளை மறித்துத் தம்மைச் சுதந்திர நாடெனவே பிரகடனஞ் செய்தனர். உலகம் நகைத்தது. ஆயின், நகைப்பின் அடியிலே கிடந்த மனக்குறையை உணர்ந்தோர் சிலரே.

துறைகள் மூடிய பின்

கொள்கலன்களில் பொருள் ஏற்றும் முறை வந்ததும் பெருங்கப்பல்கள் நதியின் கீழ்ப்புறத்தேயுள்ள ரில்பரித் துறையோடு நின்றுவிட்டன. 1980இல் மேற்கிந்தியத் துறையும் மில்வோல் துறையும் மூடப்பட்டன. தந்தையும் பாட்டனும் செய்த தொழில் மகனுக்கு இல்லாமற் போயிற்று. மறு ஆண்டு, அரசாங்கம் அமைத்த அபிவிருத்திக் கூட்டுத்தாபனம் ஒன்று துறைமுக நிலங்களைப் பொறுப்பேற்றது. கட்டடங்களுக்கு அநுமதி வழங்கும் அதிகாரம் அப்பகுதியில் மக்கள் தெரிவு செய்த சபையினின்றும் அதற்குச் சென்றது. 1987இல் இலகு ரயில் ஓடத் தொடங்கிற்று. 1991இல் கனேரி வார்ஃப் கோபுரம் 235 மீற்றர் உயரத்திற்கு வானளாவி நின்றது.

கோபுரத்தின் நிழல் விழுந்த குடியிருப்புகளில் நிலைமை வேறு. சபைக்குரிய வீடுகளை அவற்றில் வாழ்வோர் விலைக்கு வாங்கலாம் என்று 1980இல் சட்டம் வந்தது. விற்ற வீடுகளுக்கு ஈடாகப் புதிய வீடுகள் போதிய அளவு எழவில்லை. நதிக்கரையில் எழுந்த மாளிகைகளோ துறைமுகத் தொழிலாளியின் மகனுக்கு எட்டாத விலையில் இருந்தன. அதே பரோவின் மேற்கே, ஸ்பிற்றல்ஃபீல்ட்ஸ் பகுதியில், வங்காள தேசத்துச் சில்ஹெற் மாவட்டத்திலிருந்து வந்த குடும்பங்கள் நெருக்கடி மிக்க அறைகளில் வாழ்ந்தன. அவர்களுடைய முன்னோருட் பலர் பிரித்தானியக் கப்பல்களின் இயந்திர அறைகளில் வெந்து உழைத்த மாலுமிகள். வீடற்ற குடும்பங்களுக்கு இடமளிக்கவேண்டும் என்பது 1977ஆம் ஆண்டுச் சட்டம் சபைகள் மீது சுமத்திய கடமை. அவ்வாறு சில வங்காளக் குடும்பங்கள் தீவிலே குடியேற்றப்பட்டன.

தம் பிள்ளைகளுக்கு வீடில்லை என்று வெதும்பியிருந்தோர் கண்ணில், அயல்வீட்டிற்கு வந்த அந்நியனே காரணமாகத் தோன்றினான். வீட்டைக் கட்டாதவரை மறந்து, வீட்டிற்கு வந்தவரை வெறுத்தனர். அக்காலை நகரசபையை ஆண்டவர் லிபரல் ஜனநாயகக் கட்சியினர். உள்ளூரில் அக்கட்சியினர் வெளியிட்ட துண்டுப்பிரசுரங்கள் இந்த வெறுப்புக்கு இணங்கிப் பேசின என்ற குற்றச்சாட்டு எழுந்து, கட்சித் தலைமையே பின்னர் லெஸ்ரர் பிரபு தலைமையில் விசாரணை நடத்த நேர்ந்தது.

1993 செப்ரெம்பர் 16

மில்வோலில் தொழிற்கட்சி அங்கத்தவர் ஒருவர் பதவி துறந்தமையால் உபதேர்தல் வந்தது. நிறவெறியைக் கொள்கையாகக் கொண்ட பிரித்தானிய தேசியக் கட்சி டெரெக் பீக்கன் என்பவரை நிறுத்தியது. வாக்காளருட் பாதிப்பேருக்கு மேல் வீட்டிலிருந்துவிட்டனர். எண்ணி முடித்தபோது பீக்கனுக்கு 1,480 வாக்குகள், தொழிற்கட்சிக்கு 1,473, லிபரல் ஜனநாயகக் கட்சிக்கு 1,284. ஏழே ஏழு வாக்குகளால் அக்கட்சி தன் வரலாற்றிலே முதன்முறையாக ஒரு நகரசபை ஆசனத்தைப் பெற்றது.

ஐம்பது பேருள் ஒருவரால் என்ன செய்ய முடியும்? சட்டம் இயற்ற முடியாது. ஒருவரையும் வெளியேற்ற முடியாது. ஆயினும், வெறுப்புக்கு ஓர் ஆசனம் கிடைத்துவிட்டது என்ற செய்தியே வீதியில் இறங்கி நடந்தது. வங்காளத் தாய்மார் பிள்ளைகளைப் பள்ளிக்கு அழைத்துச் செல்ல அஞ்சினர். ‘நம்முடைய ஒரு வாக்கினால் என்ன ஆகப்போகிறது’ என்று எண்ணியிருந்த பலரது உள்ளத்தை அந்த ஏழு என்ற எண் உறுத்தியது.

அடுத்த பொதுத் தேர்தல் எட்டு மாதங்களுள் வந்தது. அந்த எட்டு மாதங்களே மில்வோலின் வரலாற்றில் மிகச் சிறந்த அத்தியாயம் என்பது எம் கருத்து. தேவாலயத்தார் வானவில் நிற நாடாக்களை வழங்கினர். வேற்றுமையைப் போற்றுவோம் என்பதற்கு அடையாளமாக மக்கள் அவற்றைச் சட்டையில் அணிந்தனர். 1994 மார்ச்சில் தொழிற்சங்கக் காங்கிரஸ் கிழக்கு இலண்டனில் பல்லாயிரவர் கலந்துகொண்ட ஊர்வலத்தை நடத்தியது. தனியே செல்ல அஞ்சிய வங்காளப் பெண்களைப் பெண்கள் குழுவினர் வாக்குச் சாவடி வரையும் உடன் அழைத்துச் சென்றனர். கதவு கதவாகத் தட்டி வாக்காளரை எழுப்பியோர் பலர். பத்திரிகைகளில் அவர்தம் பெயர் வந்ததில்லை.

1994 மே 5ஆம் நாளன்று வாக்காளருள் சுமார் மூன்றில் இரு பங்கினர் வாக்களித்தனர். உள்ளூராட்சித் தேர்தலில் இது அரிதினும் அரிது. மூன்று ஆசனங்களையும் தொழிற்கட்சி வென்றது, பீக்கன் தோற்றார்.

இங்கே ஓர் உண்மையை மறைத்தல் ஆகாது. தோற்றுப்போன பீக்கனுக்கு இம்முறை கிடைத்தவை 2,041 வாக்குகள். அதாவது, வென்றபோது பெற்றதிலும் 561 அதிகம். வெறுப்பை விட்டொழித்து மனம் மாறியோர் பெருகியதனால் அன்று, வீட்டிலிருந்தோர் எழுந்து வந்தமையாலேயே அவர் வீழ்ந்தார். மனக்குறையோ தீராமலே கிடந்தது. வாக்குச் சீட்டு தீயவனைத் தடுக்கும். கூரை இல்லாதவனுக்குக் கூரை அமைத்துத் தர அதனால் மட்டும் ஆகாது.

மறைந்த பெயர்

அதன் பின் வட்டாரம் விரைந்து மாறியது. 1999இல் சுரங்க ரயில் கனேரி வார்ஃபை எட்டியது. வங்கிகளில் பணிபுரிவோர் நதிக்கரையின் உயர்ந்த மாடங்களிற் குடியேறினர். 2006ஆம் ஆண்டுத் தேர்தலில், துறைமுகத் தொழிலாளர் கோட்டையாக விளங்கிய மில்வோலின் மூன்று ஆசனங்களையும் கன்சர்வேட்டிவ் கட்சி கைப்பற்றியது. மக்கள் மனம் மாறினர் என்பதனினும், மக்களே மாறினர் என்பது பொருந்தும். 2014இல் எல்லைகள் திருத்தப்பட்டபோது கனேரி வார்ஃப் என்றும் ஐலண்ட் கார்டன்ஸ் என்றும் புதிய வட்டாரங்கள் எழுந்தன. மில்வோல் என்ற பெயர் வாக்குச் சீட்டிலிருந்து நீங்கியது. காற்றாலையின் பெயர் போய், கோபுரத்தின் பெயர் வந்தது.

எல்லைக் கோடுகளை வரைவோர் மக்கட்தொகையைக் கணக்கிட்டே வரைகின்றனர். அதிற் குறைகூற ஒன்றுமில்லை. ஆயினும், கோட்டை அழிப்பதனால் நினைவு அழிந்துவிடலாகாது. அருகருகே வாழும் இரு ஏழைகளுள் ஒருவனை மற்றவனுக்குப் பகையாக்குதல் எத்துணை எளிது என்பதையும், அப்பகையைத் தடுத்து நிறுத்த எத்தனை பேர் எத்தனை கதவுகளைத் தட்டவேண்டியிருந்தது என்பதையும் அச்சிறு வட்டாரம் உலகுக்குக் காட்டிச் சென்றது. ஏழு வாக்குகள் என்பது ஒரு வீட்டார் சேர்ந்து இடக்கூடிய தொகை. அத்தகைய ஒரு வீட்டார் அன்று சாவடிக்குச் சென்றிருந்தால், இக்கதை வேறாக இருந்திருக்கலாம்.