ஒடுங்கிய இருப்புப்பாதைகளும் பெருந்தோட்டப் பொருளாதாரமும்

இலங்கையின் புகையிரத வரலாறு பொதுவாக 1864ஆம் ஆண்டில் கொழும்பிலிருந்து அம்பேபுசைக்கு ஓடிய முதல் வண்டியுடன் தொடங்கி, கண்டி (1867), நானுஓயா (1885), பதுளை (1924) என்னும் நிலையங்களை எண்ணிக்கொண்டு மேலேறிச் செல்வதாகவே எழுதப்படுகிறது. இப்பிரதான பாதையிலிருந்து கிளைத்த உடப்புசல்லாவைப் பாதையும், கொழும்பிலிருந்து கிழக்கு நோக்கிச் சென்ற களனிப் பள்ளத்தாக்குப் பாதையும் இவ்வரலாற்றில் ஓரிரு வரிகளையே பெறுகின்றன. அண்மைக் காலத்தில் இவை 'குட்டி ரயில்' என்ற இனிய நினைவாகப் பேசப்படுவதும் உண்டு. அந்நினைவை நாம் குறைகூறவில்லை. ஆயினும், இப்பாதைகள் ஏன் ஒடுங்கியனவாக அமைக்கப்பட்டன என்ற வினாவை எழுப்புவோர் அரியர். தண்டவாளங்களுக்கு இடைப்பட்ட தூரமே ஒரு வரலாற்றுச் சான்று என்பது எமது கருத்து.

இலங்கையின் அகலப்பாதை 5 அடி 6 அங்குல இடைவெளி கொண்டது. மேற்கூறிய இரு பாதைகளும் 2 அடி 6 அங்குல இடைவெளியில் அமைந்தவை. அதாவது பாதிக்கும் குறைவு. இடைவெளி குறையுமிடத்து வண்டிகள் சிறியனவாகின்றன. சிறிய வண்டி கூரிய வளைவிலும் திரும்பவல்லது. எனவே மலையைக் குடையாமலும் பள்ளத்தைத் தூர்க்காமலும், மலைச்சரிவின் உருவத்தைத் தழுவியவாறே பாதையை வளைத்துச் செல்லலாம். வெட்டும் மண் குறைவு, தண்டவாளத்தின் எடை குறைவு, பாலங்களின் கனமும் குறைவு. ஆனால் வேகமும் குறைவு. ஒரு வண்டி சுமக்கும் பாரமும் குறைவு. ஒரு பிரதேசத்திலிருந்து வரக்கூடிய சரக்கு இவ்வளவே, அதற்கு இவ்வளவுக்கு மேல் முதலிடத் தகாது என்ற கணக்கின் விடையே அந்த இரண்டரை அடி. அக்கணக்கில் சரக்கு என்பது தேயிலையும் றப்பருமே. அங்கு வாழ்ந்த மக்களின் போக்குவரத்துத் தேவை அதில் முதலிடம் பெறவில்லை.

உடப்புசல்லாவைப் பாதை இதற்குத் தெளிவான எடுத்துக்காட்டு. 1885இல் நானுஓயாவை அடைந்த பிரதான பாதை, பின்னர் நுவரெலியா நகரைத் தொடாமலே அப்புத்தளையை நோக்கித் திரும்பியது. கோப்பி இலைநோயால் அழிந்தபின் தேயிலை பயிரிடப்பட்ட கந்தப்பளை, இராகலை, உடப்புசல்லாவைத் தோட்டங்கள் பாதைக்கு அப்பால் நின்றன. இக்குறையை நீக்கவே 1903இல் நானுஓயாவிலிருந்து நுவரெலியாவுக்கும், அடுத்த ஆண்டில் கந்தப்பளை வழியாக இராகலைக்கும் ஒடுங்கிய பாதை இடப்பட்டது. மொத்த நீளம் ஏறத்தாழ 19 மைல். பிரதான பாதையின் கடும் ஏற்றம் 44 அடிக்கு ஓரடி. இங்கோ 24 அடிக்கு ஓரடி. குளிர்வாசம் நாடி நுவரெலியா சென்ற துரைமாருக்கும் இப்பாதை உதவிற்று என்பது உண்மை. ஆனால் நகரைக் கடந்தும் அது இராகலைவரை சென்றமைக்குக் காரணம் குளிரன்று, கொழுந்து.

இவ்வண்டிகள் எவற்றை ஏற்றின என்பதும் நோக்கத்தக்கது. கீழே இறங்கியவை தேயிலைப் பெட்டிகள். மேலே ஏறியவற்றுள் உரமும் இயந்திரப் பாகங்களும் இருந்தன. அவற்றோடு அரிசியும் இருந்தது. நெல் விளையாத அம்மலைகளில் தென்னிந்தியத் தமிழ்த் தொழிலாளரின் உணவு, இந்தியாவிலிருந்தும் பர்மாவிலிருந்தும் கப்பலேறி வந்த அரிசியே. தோட்ட நிருவாகம் அதனை வழங்கிவிட்டு விலையைக் கூலியிற் கழித்தது. ஆகவே அரிசியை மலையேற்றும் கட்டணம் கூலிச்செலவின் ஒரு கூறாகவும், தேயிலையை இறக்கும் கட்டணம் விற்பனைச் செலவின் ஒரு கூறாகவும் நின்றன. இருமுனைகளிலும் செலவைச் சுருக்கும் கருவியாகவே இப்பாதை தோட்ட முதலாளிக்குப் பயன்பட்டது.

இக்கருவியின் பலவீனமும் அதன் அகலத்திலேயே இருந்தது. இரண்டரை அடிப் பாதையில் வந்த வண்டி ஐந்தரை அடிப் பாதையில் ஏற இயலாது. நானுஓயாவில் ஒவ்வொரு பெட்டியையும் ஒரு வண்டியிலிருந்து இறக்கி மற்றொன்றில் ஏற்றவேண்டும். அரிசி மூட்டைக்கும் அதே கதி. நீண்ட பயணத்தில் இச்செலவு கரைந்துபோகும். 19 மைலுக்குள் அது கரைவதெங்ஙனம்? மோட்டார் லொறி வந்தபோது நிலைமை மாறியது. தொழிற்சாலை வாசலில் ஏற்றிய பெட்டியை லொறி நேரே அகலப்பாதை நிலையத்தில் இறக்கியது. 1940இல் பயணிகள் சேவை நின்றது. 1948இல் பாதையே மூடப்பட்டது. சரக்கு லொறிக்கு மாறியது. அச்சரக்கை உற்பத்தி செய்தோர் எதில் பயணஞ்செய்வர் என்பது எவர் கணக்கிலும் இருந்ததாகத் தெரியவில்லை.

அதே 1948ஆம் ஆண்டிலேயே பிரசாவுரிமைச் சட்டம் நிறைவேறி, மலையகத் தமிழருள் மிகப் பெரும்பாலோர் நாடற்றோராயினர். இவ்விரு நிகழ்ச்சிகளையும் காரணகாரியமாகப் பிணைப்பது ஆய்வு நேர்மையாகாது. அவ்வாறு பிணைக்க நாம் முயலவுமில்லை. எனினும், தம் உழைப்பால் ஒரு பாதைக்குச் சரக்களித்த மக்கள் அப்பாதையின் முடிவு குறித்துக் குரலெழுப்பும் அரசியல் வலுவையும் அவ்வாண்டிலேயே இழந்தனர் என்பதைக் குறிப்பிடாது விடுவதற்கில்லை.

களனிப் பள்ளத்தாக்குப் பாதையின் வரலாறு வேறு வகையானது. 1902இல் அவிசாவளையையும் மறு ஆண்டில் எட்டியாந்தோட்டையையும் அடைந்த இப்பாதை, தொடக்கத்தில் தேயிலையை நம்பியது. 1910ஐ ஒட்டி றப்பர் விலை உச்சம் பெற்ற காலத்தில் இரத்தினபுரியை (1912) நோக்கி நீண்டது; 1919இல் ஓப்பநாயக்கவரை சென்றது. ஆனால் இதன் மேற்கு முனை கொழும்பிலேயே இருந்தது. நுகேகொடை, மகரகமை, ஹோமாகமை ஆகிய ஊர்கள் தலைநகரின் புறநகர்களாக வளர, தேயிலைக்காக இட்ட பாதையில் எழுதுவினைஞரும் மாணவரும் தொழிலாளரும் ஏறினர். 1920களின் இறுதியில் சென்டினல் என்னும் நீராவிப் பயணிகள் வண்டிகள் இப்பாதைக்கெனத் தருவிக்கப்பட்டமை இம்மாற்றத்தைக் காட்டும்.

பிற்காலத்தில் எது வாழ்ந்தது, எது மாண்டது என்பதும் இவ்வேறுபாட்டையே பின்பற்றியது. எட்டியாந்தோட்டைக் கிளை இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் அகற்றப்பட்டது. அவிசாவளைக்கு அப்பாற்பட்ட இரத்தினபுரி, ஓப்பநாயக்கப் பகுதிகள் 1970களில் கைவிடப்பட்டன. தோட்டங்களையும் கிராமங்களையும் சார்ந்த பகுதிகள் யாவும் போயின. நகரத்து உழைப்பாளர் அன்றாடம் ஏறிய கொழும்பு–அவிசாவளைப் பகுதி மட்டும் எஞ்சியது. 1990களில் அது அகலப்பாதையாக்கப்பட்டது.

அகலப்படுத்தியோர் தண்டவாள இடைவெளியை மாற்றினரேயன்றிப் பாதையின் போக்கைப் பெரிதும் மாற்றினாரல்லர். மண்வெட்டும் செலவை மிச்சப்படுத்த 1902இல் வளைத்த அதே கூரிய வளைவுகளிலே இன்று அகல வண்டிகள் ஊர்ந்து திரும்புகின்றன. கொழும்புக்கு வேலைக்கு வரும் பாதுக்கைப் பயணி நாள்தோறும் அவ்வளைவுகளில் தம் நேரத்தை இழக்கிறார்.