வானொலி பெற்ற பிள்ளை

வாரந்தோறும் ஒரு அரசியல் தலைவரை எதிரே அமர்த்திக் கேள்வி கேட்கும் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளுக்கு மூத்தது அமெரிக்காவின் 'மீட் த பிரஸ்'. அது பிறந்த வீடு நம் வானொலிதான்! மார்த்தா ரவுன்ட்ரீயும் லாரன்ஸ் ஸ்பிவாக்கும் 1945-இல் வானொலிக்காகத் தொடங்கினார்கள். 1947 நவம்பர் 6 அன்று தொலைக்காட்சிக்குப் போனது, இன்றும் ஓடுகிறது.

தமிழில் இந்த வழக்கம் வேரூன்றியது செய்தி அலைவரிசைகள் பெருகிய பிறகு. 2011-இல் புதிய தலைமுறை வந்தது, மறு ஆண்டு தந்தி டிவி. முன்னதில் 'அக்னிப் பரீட்சை', பின்னதில் 'கேள்விக்கென்ன பதில்'. ஒரு தலைவர், ஒரு நெறியாளர். கைதட்ட ஆளில்லாத அந்த அறையில் தலைவரின் தயக்கம்கூட நமக்குச் செய்தி சொல்லிவிடும்.

நம் கோவைக்கும் இந்தக் கதையில் இடமுண்டு. 2018 ஜூனில் புதிய தலைமுறை இங்கே பொதுமக்கள் முன்னிலையில் 'வட்டமேசை விவாதம்' நடத்தியது. அங்கே எழுந்த சலசலப்பைத் தொடர்ந்து, நிகழ்ச்சியை நடத்திய தொலைக்காட்சி மீதும் காவல்துறை வழக்குப் பதிந்தது. மேடை போட்டுக் கொடுத்தவர் மீதே வழக்கா என்று பத்திரிகையாளர்கள் கொதித்தார்கள். நியாயமான கொதிப்பு அது.