‘மடை திறந்து’ போடுங்க லா!

கடந்த மெர்டேக்கா வாரத்தில் ஒரு மாலை. நேயர் விருப்ப நேரம். கிள்ளானிலிருந்து படிவம் நான்கு மாணவி ஒருவர் அழைத்தார்.

“அக்கா, நம்ம நாட்டுப் பாட்டு ஒன்னு போடுங்க.”

தேசபக்திப் பாடல் கேட்கிறார் என நினைத்து மலாய்ப் பாடல் பட்டியலைத் திறந்தேன்.

“அது இல்லக்கா. யோகி பி ‘மடை திறந்து’ போடுங்க லா.”

அவர் பிறப்பதற்கு முன்பே வந்த பாட்டு அது. 2006இல் யோகி பி, நட்சத்ரா குழுவின் ‘வல்லவன்’ ஆல்பம் வெளிவந்தபோது நான் படிவம் இரண்டு. 1980இல் வந்த ‘நிழல்கள்’ படத்துக்காக இளையராஜா இசையமைத்த பாடலை எடுத்து, நடுவே ராப் சேர்த்திருந்தார்கள். பள்ளி வேனில் அதைத் தவிர வேறெதுவும் ஓடாது. “ராஜா பாட்டைக் கெடுத்துட்டானுங்க” என்றார் அப்பா. அடுத்த வாரம் காரில் அவரே முணுமுணுத்தார். ராப் வரும் இடத்தில் மட்டும் வாயை மூடிக்கொண்டார்.

அதுவரை எங்களுக்குப் பாட்டு என்றால் சென்னையிலிருந்து வருவது. மறு ஆண்டே ‘பொல்லாதவன்’ படத்தில் யோகி பி குரல் கேட்டது. 2017இல் ‘விவேகம்’ படத்தின் ‘சர்வைவா’விலும். இங்கிருந்தும் அங்கே பாட்டு போகும் என்பதைப் பதினைந்து வயதில் தெரிந்துகொள்வது சின்ன விஷயமில்லை.

அம்மாவின் காலம் வேறு. பினாங்குத் தமிழ்ச் சகோதரர்கள் லோகநாதனும் டேவிட் ஆறுமுகமும் ‘அலேகேட்ஸ்’ குழுவாக மலாய்ப் பாடல்களில் கொடிகட்டிப் பறந்த காலம். அம்மாவோடு தொழிற்சாலையில் வேலை செய்த மலாய்த் தோழிகள் அவற்றை மனப்பாடமாகப் பாடுவார்களாம். “அவங்க நம்ம ஆளுங்க” என்று அம்மா ஒவ்வொரு முறையும் சொல்வாராம், யாரும் கேட்காமலேயே. 2007இல் லோகநாதன் காலமானபோது வீட்டில் ஒருவர் போனதுபோல அம்மா அழுதார்.

அந்த மாணவியின் ‘லா’ என்னைக் கொஞ்சம் உறுத்தியது. வேலைக்குச் சேர்ந்த புதிதில், குரல் தேர்வு முடிந்ததும் மேலதிகாரி ஒருவர், “தோட்டத்துத் தமிழ் அடிக்குது, மாத்திக்குங்க” என்றார். மாற்றிக்கொண்டேன். சென்னை வானொலி நிகழ்ச்சிகளைப் பதிவுசெய்து, கண்ணாடி முன் நின்று பேசிப் பழகினேன். வீட்டில் ‘பசியாறிட்டியா’ என்று கேட்கிற வாய், மைக் முன்னால் ‘டிஃபன் ஆச்சா’ என்றது. நேயர்கள் பாராட்டினார்கள். “அறிவிப்பாளர் தமிழ்நாடா?” என்று ஒருவர் கேட்டபோது எனக்குப் பெருமையாகவே இருந்தது, அதைத்தான் இப்போது நினைத்தால் கூச்சமாக இருக்கிறது.

ராப் பாடிய பையன்கள் செய்யாததை நான் செய்திருக்கிறேன். அவர்கள் மாமாக் கடையில் பேசும் தமிழை அப்படியே மைக்குக்குக் கொண்டுபோனார்கள்.

பாடல் ஓடி முடிந்தது. மாணவி இன்னும் இணைப்பில் இருந்தார். நன்றி சொல்லித் துண்டித்திருக்கலாம்.

“என்ன தங்கச்சி, பசியாறிட்டியா?” என்றேன்.

“மணி ஆறாகப் போகுதுக்கா! இப்பப் போயி கேக்குறீங்க லா!”

ஒலிபரப்பில் இருப்பதை மறந்து சிரித்துவிட்டேன்.